சிவப்புக் கூரை

அன்று மாலை அந்தத் தேயிலைத் தோட்டத்து லயத்தில், தொழிலாளர் வரிசை வீடு ஒன்றில், இருந்தவர்கள்: லோகேந்திரன், அவன் மகன் டிலக்சன், அக்கா பரமேஸ்வரி, அவள் மகள் யதுஷா. இரவு அரசாங்கத்தின் வரைபடம் வீட்டில் தூங்குபவர்களை எண்ணும்போது அவர்களில் ஒருவர் அங்கே இருக்கக் கூடாது.

படிப்பு எட்டாத வீடுகளின் கூரையை வரைபடம் சிவப்பாகக் காட்டும். சிவப்புக் கூரையின் கீழ் அன்றிரவு தூங்கும் பிள்ளைக்கு டவுனில் நல்ல பள்ளியில் இடம் கிடைக்கும். தோட்டத்துப் பிள்ளைகளுக்குக் காலங்காலமாகச் செய்த அநியாயத்துக்கு அது ஈடு. லோகேந்திரனின் டவுன் வீடு பச்சை. அவன் பிறந்த, அக்கா குடியிருக்கும் இந்த லயம் இன்னும் சிவப்பு.

ஒரு கூரைக்கு ஒரே ஓர் இடம்தான். அதை அவன் அக்காவிடம் சொல்லவில்லை. மகனுக்காகத்தானே என்று வழியெல்லாம் தனக்கே சொல்லிக்கொண்டு வந்திருந்தான்.

"ரெண்டு புள்ளைங்க ஒண்ணா படுத்தா கணக்கு கொழம்பிரும்கா. யதுஷா இன்னைக்கி மட்டும் கைப்புள்ளைங்கள பாத்துக்கிற புள்ள மடுவத்துல, அங்க இருக்க ஆயாகூட படுக்கட்டும்."

"படிச்சவன் நீ. சொன்னா சரியாத்தான் இருக்கும் தம்பி."

யதுஷா பாயைச் சுருட்டினாள். "டேய், அது என் தலகாணி. எச்சி ஒழுக்குனா நீதான் தொவைக்கணும்." வாசலில் நின்று திரும்பினாள். "மாமா, டவுன் பள்ளிக்கூடத்துல நானும் இவனும் ஒரே வகுப்பா?"

"ஆமா," என்றான், விளக்கைப் பார்த்தபடி.

அவள் தூறலில் இறங்கி நடந்தாள். ஒரு வார்த்தை கூப்பிட்டால் திரும்பி வந்துவிடுவாள்.

"கதவ சாத்து தம்பி, குளுரு உள்ள வருது," என்றாள் அக்கா.

லோகேந்திரன் கதவைச் சாத்தி, தாழ்ப்பாளையும் போட்டான்.