ஸ்பீலியாலஜிஸ்ட் மாப்பிள்ளை

"ஸ்பீலியாலஜிஸ்டா? அப்படின்னா என்னா வேலைங்க தம்பி?" சீமையில் படித்துவிட்டுப் பெண் பார்க்க வந்திருந்தவனைத் தனலெட்சுமி குடைந்தெடுத்தாள்.

"குகைகளை ஆராயறதுங்க அத்தை."

இலங்கை மலையகத்து நோர்வூட்டில் ஜவுளிக்கடை வைத்திருக்கும் அவள் கணவர் பழனியப்பன் ஏதோ சொல்ல வாயெடுத்தார்.

"நீங்க சும்மா இருங்க!" என்று அடக்கினாள். "குகைக்குப் போறவன் சாமியார்தானே? நாளைக்கு எம் பொண்ணை அம்போன்னு விட்டுட்டு நீங்க காவியைக் கட்டிக்கிட்டா?"

மாப்பிள்ளை சிரித்தான். "உள்ளேயே உக்காந்துட்டா சாமியார். பார்த்துட்டுத் திரும்பி வந்தா ஸ்பீலியாலஜிஸ்ட்."

தனலெட்சுமிக்கு நம்பிக்கை வரவில்லை. தேயிலை மலைக்கு மேலே ஒரு குகை இருக்கிறதென்று கேள்விப்பட்டு அன்று மத்தியானமே அவன் கிளம்பியபோது, கணவரையும் கூடவே துரத்தினாள்.

"அவரு எங்கயாச்சும் சம்மணம் போட்டு உக்காந்தா கையோட இழுத்துட்டு வந்துருங்க. பராக்குப் பார்க்காதீங்க. மப்ளரை இறுக்கிக் கட்டுங்க. நான் சொல்றது காதுல விழுதா இல்லையா?"

பழனியப்பன் பதில் சொல்வதற்குள் அடுத்த புத்திமதி ஆரம்பித்துவிட்டது. தலையை மட்டும் ஆட்டிவிட்டு நடந்தார்.

சாயங்காலம் மாப்பிள்ளை சட்டையெல்லாம் சேறாக வந்து நின்றான். தனலெட்சுமி பூரித்துப்போனாள்.

"திரும்பி வந்துட்டீங்களே, அது போதும் தம்பி! வர்ற தையிலேயே கல்யாணத்தை வச்சுக்குவோம். ஆமா, எங்க அவரு?"

அவன் தலையைச் சொறிந்தான்.

"மாமா உள்ளேயே உக்காந்துட்டாங்க அத்தை. கூப்பிட்டா, 'ஆகா, என்னா அமைதி! நீங்க போங்க மாப்பிள்ளை'ங்கிறாங்க."