இடது கை

பொதுமக்கள் அனைவரும் எழுந்து நின்று கேட்க வேண்டிய அறிவிப்பு: மாவட்ட வரலாற்றிலேயே முதன்முறையாக, ஒரு தொழிலாளியின் விபத்து இழப்பீடு மேடையில், மாலை மரியாதையோடு வழங்கப்படும்.

அந்தத் தொழிலாளி செங்கோடன். பிரஸ் மிஷின் அவன் வலது கையை மணிக்கட்டோடு எடுத்துக்கொண்டு இரண்டு தீபாவளி ஆகிவிட்டது. காலையில்தான் வீட்டு ஓனர் பாத்திரங்களைத் தெருவில் வைத்துவிட்டு, பொழுது சாய்வதற்குள் வாடகை பாக்கி வந்தால் உள்ளே வரலாம் என்றிருந்தார். மனைவி பாவாயி மூட்டையோடு கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்தாள்.

பெயரைக் கூப்பிட்டார்கள். செங்கோடன் மேடையேறி இடது கையை நீட்டினான். சிறப்பு விருந்தினர் கையிலிருந்த ஆளுயரக் காசோலையைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டு அவன் காதோரம் குனிந்தார்.

"நல்ல காரியத்துல பீச்சாங்கையை நீட்டுறியே, என்னப்பா நீ?"

"இருக்கறது இது ஒண்ணுதானுங்க."

மேடை குழம்பியது. இழப்பீட்டுச் சட்டத்தில் இதற்கு வழி சொல்லப்படவில்லை. கடைசியில், முதலாளியின் வலது கை என்று எல்லோரும் சொல்லும் மேனேஜர் எழுந்து வந்து, அவன் சார்பில் இரண்டு கைகளாலும் பணிந்து வாங்கிக்கொண்டார். கைதட்டல் பந்தலைப் பிய்த்தது. செங்கோடனும் தட்டப் போய் நிறுத்திக்கொண்டான்.

போட்டோ எடுத்து முடிந்ததும் மேனேஜர் காசோலையை அவன் தோளில் சாய்த்துவிட்டுக் காருக்குப் போனார். பாவாயி மூட்டையைத் தலையில் தூக்கிக்கொண்டு ஓடி வந்தாள்.

"என்னுங்க நின்னுட்டிருக்கீங்க? பேங்க் சாத்திருவாங்க, வெரசா நடங்க."

தோளில் இருந்த காசோலை தெர்மாகோல்.