நாற்காலியின் நல்ல கால்

டிவி காமெடித் தொடர் ஒன்றில், மாப்பிள்ளை உட்கார்ந்ததும் கால் முறிந்து விழுந்த மர நாற்காலி அது. புதுக்கால் பொருத்தி ஸ்டூடியோ கிடங்கில் போட்டிருந்தார்கள். காவலாளியின் பழைய செல்போன் ஒருநாள் அதனிடம் சொன்னது: "அக்கா, நீங்க இப்ப ஊரறிஞ்ச ஆளு! கெட்ட மாப்பிள்ளையைக் கவுக்கத்தான் காலையே கொடுத்தீங்களாம். நாதஸ்வரம் சேர்த்து, ஒளிவட்டம் வச்சு, வீடியோவாப் போட்டுத் தள்ளுறாங்க."

நாற்காலிக்குத் தூக்கிவாரிப் போட்டது. "அடப்பாவிங்களா! அது கரையான் அரிச்ச காலுடா!"

"வெளிய சொல்லாதீங்க. ரசிகருங்க உங்களைப் பார்க்க வந்திருக்காங்க."

மாலையோடு உள்ளே வந்தவர்கள் குனிந்து பார்த்து முகம் சுளித்தார்கள். "தியாகம் பண்ணது வலது கால். இதுல இடது காலை மாத்தி வச்சிருக்காங்க!"

"தம்பி, எனக்கு உடைஞ்சது இடதுதானே?" நாற்காலி செல்போனிடம் கிசுகிசுத்தது.

"இடதுதான்க்கா. காப்பிரைட்ல மாட்டாம இருக்க, எல்லாரும் வீடியோவைக் கண்ணாடியில தெரியுற மாதிரி திருப்பித்தான் போடுறாங்க."

அதற்குள் ஒருவன் சுத்தியலைக் கண்டெடுத்துவிட்டான்.

"பரவாயில்ல, வீடியோவுல இருக்கிற மாதிரியே ஆக்கிடலாம்."

மாலையைப் பக்தியோடு அதன் முதுகில் சாத்திவிட்டு, நல்ல காலைக் கெட்டியாகப் பிடித்தான்.