வாட்ச்மேனுக்கு விடுமுறை

போட்டோ ஸ்டுடியோ கம்ப்யூட்டரில் ஆன்டிவைரஸும் ஹார்ட் டிஸ்கும் கூட்டாளிகள். முதலாளி துரைக்கண்ணு ஆல்பம் செய்ய காசு கட்டாமல் ஒரு கிராக் மென்பொருளை, அதாவது பூட்டை உடைத்த திருட்டு நகலை, இறக்கினார். கூடவே ஒரு குறிப்பு வந்தது: "முதலில் ஆன்டிவைரஸை நிறுத்தவும்."

"அண்ணே, வீட்டுக்கு வர்றவன் எதுக்கு வாட்ச்மேனைத் தூங்கச் சொல்றான்?" என்றது ஆன்டிவைரஸ். "சட்டப்படி இலவசமாவே ஒண்ணு கிடைக்குதே!"

"அதைக் கத்துக்க ரெண்டு நாள் ஆகும். இவருக்கு ஏது பொறுமை? எனக்குள்ள நாப்பது கல்யாணம் இருக்கு, தம்பி," என்றது ஹார்ட் டிஸ்க்.

அதற்குள் துரைக்கண்ணு ஆன்டிவைரஸை நிறுத்திவிட்டார்.

மறுநாள் கண் விழித்ததும் அது பதறியது. "அண்ணே, படமெல்லாம் பத்திரமா?"

"எல்லாம் உள்ளதான் இருக்கு. நேத்து உள்ள வந்தவன் ஒவ்வொண்ணுக்கும் பூட்டு போட்டுட்டான். சாவி நம்மகிட்ட இல்ல."

ஒரு கல்யாணப் பெண்ணின் அப்பா ஆல்பம் வாங்க வந்து வாசலில் செருப்பைக் கழற்றிக்கொண்டிருந்தார்.