கடைசி வேலை நாள்

லேப்டாப்பும் அடையாள அட்டையும் டொப்பென்று மேஜைமேல் விழுந்ததில் மேனேஜர் தனபாலனின் காபி தளும்பியது.

"கிளம்புறேன் சார். நோட்டீஸ் இன்னியோட முடியுது," என்றாள் செண்பகவல்லி. நாளை காலை அவள் கோவையில் புது வேலையில் சேர்ந்தாக வேண்டும்.

"விளையாடுறியாம்மா? வெள்ளிக்கிழமை வரைக்கும் இருக்கு. எக்செல்ல பாரு."

"பாத்துட்டேன். நீங்களும் பாருங்க."

ராஜினாமா தேதியைக் கொடுத்தால், ஞாயிறையும் பண்டிகைகளையும் தள்ளிவிட்டு முப்பது வேலை நாள் முடியும் தேதியைச் சொல்லும் ஷீட் அது. ஃபார்முலாவை எழுதியதே தனபாலன்தான். அதில் இன்றைய தேதி நின்றது. ஃபார்முலாவை அழித்து மறுபடி எழுதினார். அதே தேதி. கம்ப்யூட்டரை அணைத்துப் போட்டார். அதே தேதிதான். பல்லைக் கடித்துக்கொண்டு விடுமுறைப் பட்டியலைத் திறந்தார். தைப்பூசம் இருந்தது. குடியரசு தினம் இருந்தது. பொங்கலின் மூன்று நாட்களையும் காணோம்.

"பொங்கல் லீவை யாரு அழிச்சது?" என்று ஆபீஸ் அதிரக் கத்தினார்.

"நான்தான் சார். அந்த மூணு நாளும் எங்களை வேலைக்கு வரச் சொன்னீங்களே, மறந்துட்டீங்களா?"