களிமண் அடைப்பு

“நிறுத்துங்க, அறுக்காதீங்க!” தமிழாசிரியர் மாசிலாமணி கத்திக்கொண்டே ஓடிவந்தார். அதற்குள் பட்டுப்போன பலாமரம் சாய்ந்துவிட்டது. பாகப்பிரிவினையில் அவர் கேட்டும் தம்பி குணாளனுக்குப் போன மரம்.

“பாருங்கண்ணே, எவனோ துளைபோட்டுப் பெருங்காயம் வச்சுக் கொன்னிருக்கான். என் மேல யாருக்கு இவ்வளவு வெறுப்பு?”

“வெறுப்பில்லடா, காழ்ப்பு.” ஆசிரியரின் வாய் தானாகச் சொல்லிவிட்டது. “காழ்னா மரத்தோட வயிரம். வெறுப்பு உள்ளயே கிடந்து அப்படி இறுகிப்போனா, அதுக்குப் பேருதான் காழ்ப்பு.”

“அது கிடக்கட்டும். இனி வருஷா வருஷம் உங்களுக்கு முதல் பழம் எங்கேருந்துண்ணே கொண்டாருவேன்?”

துளையை அடைத்திருந்த களிமண் கட்டியைக் குணாளன் எடுத்து நீட்டினான். அதில் ஒரு பெருவிரல் தடம் பதிந்து காய்ந்திருந்தது.

மாசிலாமணி தன் பெருவிரலை உள்ளங்கைக்குள் மடக்கிக்கொண்டார்.