இப்பத்தான் படுத்திருக்கா

மலைக்கிராமமான பள்ளங்கியின் பூண்டுக் கொட்டகையில் மத்தியானச் சாப்பாடு முடிந்திருக்கிறது. வாசல்வரை மேகம் இறங்கி நிற்பதால் உள்ளே வெளிச்சம் மங்கிக் கிடக்கிறது. மூட்டையில் சாய்ந்திருக்கும் விஜயராணியிடம் மணிமேகலை கைபேசியை நீட்டுகிறாள். திரையில் இருப்பது, கூலி வேலைக்கு நடுவே இருவரும் சேர்ந்து படித்து முடித்த மாங்கா. பெரியவர்களுக்கான ஜப்பானியப் படக்கதை. மகளைக் கொன்றவர்களை ஒவ்வொருவராகத் தேடிக் கொன்ற தாய், கடைசிப் பக்கத்தில் கத்தியைக் கழுவி வைத்துவிட்டுப் பாயில் படுக்கிறாள். "ரெண்டாம் பாகம் வருதாம் விஜயா! படிக்கிறவங்க குரூப்புல இதே பேச்சாத்தான் கெடக்கு. செத்தவனுங்கள்ல ஒருத்தனோட தம்பி இவளத் தேடி வருவானாம்." பூண்டுத் தோல் ஒட்டிய விரலால் விஜயராணி படத்தைப் பெரிதாக்குகிறாள். படுத்திருப்பவளின் பாதங்கள் வெடித்திருக்கின்றன. "திரும்பவும் இவள எழுப்பிருவாங்களாக்கா?" "எழுப்பாம எப்படிக் கதை நடக்கும்?" விஜயராணி கைபேசியைத் திருப்பிக் கொடுக்கிறாள். "அது வரவேணாம்க்கா. இப்பத்தான படுத்திருக்கா." சொல்லிவிட்டுக் கண்ணை மூடிக்கொள்கிறாள். தகரக் கூரையில் தூறல் விழத் தொடங்குகிறது. வெளியே லாரி ஹாரன் அடிக்க, "வெரசா வாங்க, லோடு ஏத்தணும்" என்று மேஸ்திரி கத்துகிறார். விஜயராணி ஒரு கையை ஊன்றி எழப் பார்க்கிறாள். மணிமேகலை அவள் தோளை அழுத்துகிறாள். "நீ கெட. அவருகிட்ட நான் சொல்லிக்கிறேன்." முந்தானையைச் செருகிக்கொண்டு மழைக்குள் போகிறாள்.